முதலில் கையெழுத்து, அப்புறம் பேய்: ஹென்ரிக் கலேன் எழுதிய மௌனப் படங்கள்

ரத்தக்காட்டேரி மேல் வெயில் பட்டால் அது அழிந்துவிடும் என்பது இன்று சின்னப் பிள்ளைக்கும் தெரியும். ஆனால் பிராம் ஸ்டோக்கர் 1897இல் எழுதிய 'டிராகுலா' நாவலில் அப்படி எதுவும் கிடையாது. அதில் கோமகன் டிராகுலா பட்டப்பகலில் லண்டன் தெருவில் நிற்கிறான். பகலில் அவனுடைய சக்தி குறையும், அவ்வளவுதான். கடைசியில் அவனைக் கொல்பவை இரண்டு கத்திகள். ஒன்று கூர்க்காக்களின் குக்ரி, இன்னொன்று அமெரிக்க பௌவி கத்தி. அதுவும் சூரியன் மறைகிற நேரத்தில். விடியல் வெளிச்சத்தில் கரைந்து புகையாகிற காட்டேரி 1922 மார்ச்சில் பெர்லினில் திரையிடப்பட்ட 'நோஸ்ஃபெராட்டு' என்ற மௌனப் படத்தில்தான் வந்தது. சேவல் கூவினால் பேய் ஓடிவிடும் என்ற நம்பிக்கை ஐரோப்பாவில் ரொம்பப் பழையது. ஆனால் ஓடிப்போவது வேறு, வெளிச்சம் பட்டுச் சாவது வேறு.

அந்தப் படத்தை இயக்கிய எஃப். டபிள்யூ. முர்னாவைச் சினிமா ஆர்வலர்கள் எல்லோருக்கும் தெரியும். கோமகன் ஓர்லோக்காக நடித்த மாக்ஸ் ஷ்ரெக்கின் முகம் டீ-ஷர்ட் வரைக்கும் வந்துவிட்டது. திரைக்கதை எழுதிய ஹென்ரிக் கலேனின் பெயரைச் சொன்னால் பெரும்பாலும் யார் அது என்றுதான் கேட்பார்கள். இத்தனைக்கும் அவர் ஒரு படத்தோடு நின்றவர் இல்லை. 1915இல் 'கோலெம்', 1920இல் அதே பெயரில் இன்னொரு படம், 1922இல் 'நோஸ்ஃபெராட்டு', 1924இல் 'மெழுகுப் பொம்மைக் கூடம்', 1926இல் 'பிராக் மாணவன்', 1928இல் 'அல்ரௌனே'. 'டாக்டர் கலிகாரி'யைத் தவிர்த்துவிட்டால், ஜெர்மன் மௌனப் பேய்ப்படங்களில் முக்கியமானவை என்று நாம் சொல்லுபவற்றில் பாதிக்கு மேல் இவர் கைபட்டவை.

அப்புறம் ஏன் மறந்தார்கள்? சினிமா வரலாற்றை இயக்குநர்களின் வரலாறாகவே எழுதிப் பழகிவிட்டோம். அந்தக் கால ஜெர்மன் சினிமாவில் எழுத்தாளர் என்று ஒருவருக்கு இடம் கொடுத்தால் அது 'கலிகாரி'யையும் 'கடைசி மனித'னையும் எழுதிய கார்ல் மாயருக்குப் போகும். இரண்டாவது இடம் ஃபிரிட்ஸ் லாங்கின் மனைவியும் அவர் படங்களின் எழுத்தாளருமான தேயா ஃபொன் ஹார்பௌவுக்கு. கலேன் ஒரு வேலையில் நிற்காதவர். பத்திரிகை வேலை, நடிப்பு, பெர்லினில் மாக்ஸ் ரைன்ஹார்ட் நாடகக் குழுவில் உதவியாளர், திரைக்கதை, இயக்கம் என்று மாறி மாறிச் செய்தார். இன்னொரு காரணம், அவருடைய முக்கியமான படங்களில் கிட்டத்தட்ட எல்லாமே யாரோ ஒருவரின் கதையோடு ஒட்டியவை. 'கோலெம்' இரண்டும் நடிகர் பவுல் வெகெனரோடு சேர்ந்து எழுதியவை, 'நோஸ்ஃபெராட்டு' ஸ்டோக்கருடையது, கடைசி இரண்டும் ஹான்ஸ் ஹைன்ஸ் ஏவெர்ஸ் என்ற நாவலாசிரியரின் சரக்கு. தழுவி எழுதுபவருக்கு எந்த ஊரிலும் முழுப் பாராட்டு கிடைத்ததில்லை.

ஆனாலும் இந்தப் படங்களை அடுத்தடுத்துப் பார்த்தால் ஒரு விஷயம் கண்ணில் படும். கலேனின் கதைகளில் பயங்கரம் சுவரைப் பிளந்துகொண்டு வருவதில்லை. யாரோ விலை பேசுகிறார்கள், வாங்குகிறார்கள், கையெழுத்துப் போடுகிறார்கள், வேலைக்குச் சேர்கிறார்கள். அதற்குப் பிறகுதான் பேய் வருகிறது.

முதல் 'கோலெமில்' இது நேரடியாகவே இருக்கிறது. பிராக் நகர யூத மரபில் வரும் களிமண் மனிதனைக் கலேனும் வெகெனரும் அன்றைய நிகழ்காலத்துக்குக் கொண்டுவந்தார்கள். கிணறு தோண்டும்போது பழைய சிலை ஒன்று கிடைக்கிறது. பழம்பொருள் வியாபாரி ஒருவர் அதை விலைக்கு வாங்குகிறார், உயிர் கொடுக்கிறார், வீட்டு வேலைக்கு வைத்துக்கொள்கிறார். அது அவர் மகள் மேல் ஆசைப்பட்டு, மறுக்கப்பட்டதும் வெறிகொண்டு அலைகிறது. வெகெனர் கோலெமாக நடித்தார். வியாபாரியாக நடித்தது கலேனே. படத்தில் இன்று சில துண்டுகள்தான் மிச்சம், மற்றதெல்லாம் தொலைந்துபோயிற்று. 1920இல் வந்த கோலெம் பதினாறாம் நூற்றாண்டு பிராக்கில் நடக்கிறது. கட்டடக் கலைஞர் ஹான்ஸ் பொயெல்சிக் போட்ட கோணல்மாணல் யூதச் சேரிக்காக அது கொண்டாடப்படுகிறது. எனக்கு அதில் பிடித்தது வேறொரு சின்ன விஷயம். பேரரசரின் வெளியேற்ற ஆணையிலிருந்து தன் மக்களைக் காக்க யூத மதகுரு ரப்பி லோவ் உருவாக்குகிற அந்த மாபெரும் களிமண் உருவம், முதலில் விறகு பிளக்கிறது. அப்புறம் கையில் கூடையோடு கடைக்குப் போகிறது. மந்திர சக்தியை வேலைக்காரனாக்கிக்கொள்வதில்தான் தவறு தொடங்குகிறது என்று படம் நினைக்கிறது.

இனி 'நோஸ்ஃபெராட்டு'. தழுவல் என்றால் என்ன என்று கற்றுக்கொள்ள இதைவிட நல்ல பாடம் கிடைப்பது கஷ்டம். ஸ்டோக்கரின் நாவல் நாட்குறிப்பு, கடிதம், தந்தி, பத்திரிகைச் செய்தி என்று பல குரல்களில் சொல்லப்படுகிற தடித்த புத்தகம். மௌனப் படத்தில் குரலே கிடையாது. கலேன் நாவலைக் கழற்றி வேறு மாதிரி மாட்டினார். லண்டன் போய்விட்டது. அதன் இடத்தில் 1838ஆம் ஆண்டு, விஸ்போர்க் என்ற கற்பனையான ஜெர்மன் துறைமுக ஊர். டிராகுலாவுக்கு வீடு விற்கப் போகும் இளைஞன் ஹார்க்கர் ஹுட்டர் ஆனான், அவன் மனைவி மீனா எல்லென் ஆனாள், டிராகுலா ஓர்லோக் ஆனான். மீனாவின் தோழி லூஸியைச் சுற்றி வரும் மூன்று காதலர்கள் கதையை அப்படியே வெட்டிவிட்டார். வேன் ஹெல்சிங் என்ற பெரிய நிபுணர் இங்கே புல்வர் என்ற பேராசிரியர். அவர் மாணவர்களுக்குப் பூச்சி தின்னும் செடியைக் காட்டிப் பாடம் நடத்துகிறார், காட்டேரியை ஒன்றும் செய்வதில்லை. நாவலில் ஆண்கள் கூட்டமாகச் சேர்ந்து துரத்திக் கொல்கிறார்கள். படத்தில் ஒரு பெண் புத்தகத்தைப் படித்து, தனியாக முடிவெடுத்து, தன் உயிரைக் கொடுத்துக் கொல்கிறாள்.

கொள்ளைநோயும் புதுசு. நாவலின் டிராகுலா லண்டனில் ஒரு சிலரைத்தான் கடிக்கிறான். ஓர்லோக் வரும் கப்பலில் மண் நிரம்பிய பெட்டிகளும் எலிகளும் இருக்கின்றன. ஊர் முழுக்கச் சாவு பரவுகிறது, வீட்டுக் கதவுகளில் குறி போடுகிறார்கள், தெருவில் சவப்பெட்டிகளை வரிசையாகச் சுமந்து போகிறார்கள். உலகப்போரும் அதன் பின்னாலேயே வந்த இன்ஃப்ளூயென்சாவும் முடிந்து மூன்று நான்கு ஆண்டுகளே ஆகியிருந்த பார்வையாளர்களுக்கு அந்தச் சவப்பெட்டி வரிசை எப்படி இருந்திருக்கும் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

ஆனால் கலேனின் கெட்டிக்காரத்தனம் இன்னொரு இடத்தில் இருக்கிறது. நாவலில் ஹார்க்கரைத் திரான்சில்வேனியாவுக்கு அனுப்புபவர் ஹாக்கின்ஸ் என்ற நல்ல மனிதர், வயதான வழக்கறிஞர். ஈ, சிலந்தி பிடித்துத் தின்கிற ரென்ஃபீல்ட் வேறு ஆள், மனநல விடுதியில் இருக்கும் நோயாளி. இந்த இரண்டு பேரையும் கலேன் ஒரே ஆளாக்கிவிட்டார். அவன்தான் நொக், வீட்டுத் தரகன். விசித்திரமான குறிகள் நிறைந்த கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு பல்லை இளிக்கிறான். நல்ல காசு பார்க்கலாம், கொஞ்சம் வியர்வை சிந்த வேண்டியிருக்கும், ஒருவேளை கொஞ்சம் ரத்தமும் என்று ஹுட்டருக்கு ஆசை காட்டுகிறான். தரகனே பேயின் ஏவலாள். வியாபாரமும் பைத்தியமும் ஒரே நாற்காலியில் உட்கார்ந்திருக்கின்றன.

பிறகு கோட்டையில் பத்திரம் காட்டும் காட்சி. மேசையில் காகிதங்கள். ஹுட்டரின் பையிலிருந்து எல்லெனின் சின்ன ஓவியம் வெளியே வந்துவிடுகிறது. ஓர்லோக் அதை எடுத்துப் பார்க்கிறான். உங்கள் மனைவியின் கழுத்து அழகாக இருக்கிறது என்கிறான். உடனே, உங்கள் வீட்டுக்கு எதிரே இருக்கும் அந்தப் பாழடைந்த வீட்டை வாங்கிக்கொள்கிறேன் என்று கையெழுத்துப் போடுகிறான். நாவலிலும் வீடு வாங்கும் வேலை உண்டு, அது கதையை நகர்த்தும் ஒரு காரணம் மட்டும். இங்கே ஒரு கையெழுத்தில் வீடும் மனைவியும் ஊரும் விலைபோகின்றன, தன் கையால் காகிதத்தை நீட்டுகிறவன் கணவன். ஒரு காட்சிக்குள் இவ்வளவு அடங்கியிருக்கிற பேய்ப்படம் அதற்குப் பிறகும் அதிகம் வந்ததாக நான் நினைக்கவில்லை.

இதில் எவ்வளவு கலேனுடையது, எவ்வளவு முர்னாவுடையது? முர்னாவ் படப்பிடிப்பில் கையில் வைத்திருந்த திரைக்கதைப் பிரதி பிழைத்திருப்பதால் இதை ஓரளவு பேச முடிகிறது. முர்னாவைப் பற்றிப் புத்தகம் எழுதிய லோட்டே ஐஸ்னர் அதை வெளிக்கொண்டுவந்தார். கலேனின் எழுத்து கவித்துவமும் தாளமும் நிறைந்தது என்பது ஐஸ்னரின் கணிப்பு. கார்ல் மாயர் வாக்கியத்தை ஒற்றைச் சொற்களாக உடைத்துப் போடுவார், கலேன் அந்த அளவுக்குப் போவதில்லை. முர்னாவ் பல இடங்களில் ஓரத்தில் குறிப்பு எழுதியிருக்கிறார், பெரும்பாலும் கலேன் சொன்னபடியே எடுத்திருக்கிறார். ஒரே ஒரு பெரிய விலக்கு. பன்னிரண்டு பக்கங்களில் கலேனின் எழுத்து இல்லை, அவற்றை முர்னாவே திரும்ப எழுதியிருக்கிறார். அவை கடைசிப் பகுதியைச் சேர்ந்த பக்கங்கள், எல்லெனின் தியாகமும் விடியல் வெளிச்சத்தில் ஓர்லோக்கின் அழிவும் வருகிற இடம். ஆக, காட்டேரிக் கதைகளில் நூறு வருடமாகப் புழங்குகிற அந்த விதியை எழுதியது கலேன் என்று அடித்துச் சொல்ல வழியில்லை. முர்னாவ் மாற்றி எழுதினாரா, கலேன் எழுதியதை மெருகேற்றினாரா என்பதற்குச் சாட்சி அந்தக் காணாமல்போன பக்கங்கள்தான். என் வரையில் இது கலேனைக் குறைத்துவிடவில்லை. பேயைக் கொல்கிற வழியைவிட, அது எந்தக் கதவு வழியாக வருகிறது என்பதுதான் அவருடைய அக்கறை.

படத்துக்கு நேர்ந்தது தெரிந்த கதைதான், சுருக்கமாகச் சொல்லிவிடலாம். தயாரித்தது பிராணா ஃபிலிம், ஆமாம், அந்தப் பெயர் நம் பிராணன்தான். கம்பெனியின் கலைப் பொறுப்பாளர் அல்பின் கிராவ் மறைஞானத்தில் ஊறியவர். தரகனின் கடிதத்தில் இருக்கும் குறிகளும் ஓர்லோக்கின் தோற்றமும் அவர் வேலை. நாவலுக்கு உரிமை வாங்காமல் எடுத்தார்கள். வேடிக்கை என்னவென்றால், படத்தின் ஆரம்ப எழுத்திலேயே இது பிராம் ஸ்டோக்கரின் நாவலைத் தழுவி ஹென்ரிக் கலேன் சுதந்திரமாக எழுதியது என்று போட்டுக்கொண்டார்கள். ஸ்டோக்கரின் மனைவி ஃபுளோரன்ஸ் வழக்குத் தொடுத்தார். அதற்குள் கம்பெனி திவால். கடைசியில் 1925இல் எல்லாப் பிரதிகளையும் அழிக்கச் சொல்லித் தீர்ப்பு வந்தது. வெளிநாட்டுக்குப் போயிருந்த பிரதிகளால்தான் படம் பிழைத்தது. பின்னாளில் ஆங்கிலத்தில் சுற்றிய பல பிரதிகளில் ஓர்லோக் மறுபடி டிராகுலாவாகவும் ஹுட்டர் ஹார்க்கராகவும் மாறிவிட்டார்கள். கலேன் கஷ்டப்பட்டு மாற்றியதை விநியோகஸ்தர்கள் ஒரு டைட்டில் கார்டில் திருப்பிவிட்டார்கள்.

ஓர்லோக்கைப் பற்றி இன்னொன்றையும் சொல்லாமல் போக முடியாது. வளைந்த மூக்கு, நீண்ட விரல்கள், கிழக்கிலிருந்து எலிகளோடு வந்து சொத்து வாங்கும் அந்நியன், அவனுக்குத் துணை போகும் தரகன். அந்தக் காலத்து யூத வெறுப்புக் கேலிச்சித்திரங்களின் சாயல் இதில் இருக்கிறது என்று பல ஆய்வாளர்கள் எழுதியிருக்கிறார்கள். எழுதிய கலேனோ 1881இல் ஆஸ்திரிய-ஹங்கேரியின் கலீசியா பகுதியில் யூதக் குடும்பத்தில் பிறந்தவர். எழுதியவர் யூதர் என்பதால் குற்றச்சாட்டு தானாக விழுந்துவிடாது, திரையில் தெரிவது தெரியத்தான் செய்கிறது. அதே நேரம் கலேனின் மற்றப் படங்களையும் வைத்துப் பார்த்தால், பேரம் பேசித் தன்னையே விற்றுக்கொள்வது எப்போதும் ஆசைப்படுகிற உள்ளூர் இளைஞன்தான். ஹுட்டர் அசட்டுச் சிரிப்போடு, கிளம்புகிற அவசரத்தில் இருக்கிறான். வழியில் விடுதியில் எச்சரிக்கிறார்கள், அவன் காதில் போட்டுக்கொள்வதில்லை. படம் அவனையும் சும்மா விடவில்லை.

1923இல் ஜெர்மன் பணவீக்கம் உச்சத்துக்குப் போனது. நவம்பரில் ஒரு அமெரிக்க டாலருக்கு 4.2 லட்சம் கோடி மார்க். ரொட்டி வாங்கக் கூடை நிறையப் பணம் கொண்டுபோன காலம் அது. இதற்கு அடுத்த ஆண்டு வெளியான 'மெழுகுப் பொம்மைக் கூட'த்தை பவுல் லெனி இயக்கினார். எழுத்து கலேன். காசில்லாத இளம் கவிஞன் ஒருவன் பத்திரிகை விளம்பரத்தைப் பார்க்கிறான்: மெழுகுப் பொம்மைக் காட்சிக்கு விளம்பரக் கதைகள் எழுதக் கற்பனை வளமுள்ள எழுத்தாளர் தேவை. போகிறான். கூடத்தின் முதலாளி பொம்மைகளைக் காட்டுகிறார், முதலாளியின் மகள் பக்கத்தில் நிற்கிறாள். கலிஃபா ஹாரூன் அல் ரஷீத் பொம்மையின் கை உடைந்து விழுந்துவிடுகிறது. சரி, அந்தக் கை எப்படிப் போனது என்று அங்கேயே உட்கார்ந்து ஒரு கதை எழுத ஆரம்பிக்கிறான்.

கூலிக்குக் கதை எழுதுகிறவனின் வேலையை இவ்வளவு சுருக்கமாகக் காட்டிய காட்சி எனக்குத் தெரிந்து வேறில்லை. பொருள் ஏற்கெனவே இருக்கிறது, உடைந்திருக்கிறது, அந்த உடைவையே கதையின் திருப்பமாக்க வேண்டும். யாரோ எழுதிய நாவலை, யாரோ நடிக்கப்போகும் வேடத்தை, கையில் இருக்கிற பணத்துக்குள் எழுதிக் கொடுக்கும் திரைக்கதையாளனின் நிலையும் அதுதானே. எமில் யானிங்ஸ் கலிஃபாவாகவும், கொன்ராட் ஃபைட் கொடுங்கோலன் இவானாகவும் வருகிறார்கள். இவான் கதை மூன்றிலும் வலுவானது. மன்னனின் நஞ்சுக்காரன் ஒவ்வொரு பலியாளின் பெயரையும் ஒரு மணல் கடிகாரத்தில் எழுதிவைக்கிறான், மணல் தீரும்போது உயிர் போகும். ஒரு நாள் கடிகாரத்தில் இவானின் பெயரே இருக்கிறது. மணல் தீர்ந்துவிடாமல் இருக்க அதைத் தலைகீழாகத் திருப்பித் திருப்பி வைத்தே அவன் பைத்தியமாகிறான். மூன்றாவதாக வெர்னர் கிராவ்ஸ் கத்தியோடு கவிஞனைத் துரத்தும் பகுதி சில நிமிடங்கள்தான், அது கனவு என்று முடிந்துவிடுகிறது. ரினால்டோ ரினால்டினி என்ற கொள்ளைக்காரனின் கதை நான்காவதாகத் திட்டத்தில் இருந்தது. பணம் போதாமல் கைவிட்டார்கள். பொம்மை மட்டும் கதை இல்லாமல் கூடத்தில் நிற்பதை இன்றும் பார்க்கலாம்.

1926இல் 'பிராக் மாணவ'னைக் கலேனே இயக்கினார். 1913இல் ஏவெர்ஸ் எழுதி வெகெனர் நடித்த படத்தின் மறு ஆக்கம் இது. கையில் காசில்லாத மாணவன் பால்டுவினிடம் (கொன்ராட் ஃபைட்) ஸ்காபினெல்லி என்ற மர்மமான ஆள் (வெர்னர் கிராவ்ஸ்) வருகிறான். கொட்டுகிற பணம் தருகிறேன், பதிலுக்கு உன் அறையில் இருக்கிற எதையாவது ஒன்றை எடுத்துக்கொள்கிறேன், கையெழுத்துப் போடு என்கிறான். வெறும் அறை, இழக்க என்ன இருக்கிறது என்று பால்டுவின் போடுகிறான். ஸ்காபினெல்லி நிலைக்கண்ணாடியில் தெரிகிற அவன் பிம்பத்தைக் கூப்பிடுகிறான், அது இறங்கி அவன் பின்னால் வெளியே போகிறது. ஆத்மாவை விற்கும் ஃபௌஸ்ட் கதை ஜெர்மனியில் பழையது, நிழலை விற்றவனின் கதையும் 1814லேயே வந்துவிட்டது. கலேன் சேர்த்தது காற்று. வேட்டைக் காட்சியில் ஸ்காபினெல்லி குன்றின் உச்சியில் ஒரு கோணல் மரத்தடியில் நின்று, கை அசைவால் குதிரைகளையும் மனிதர்களையும் தனக்கு வேண்டிய இடத்துக்கு ஓட்டுகிறான். கோட் பறக்கிறது. கீழே யாருக்கும் தாங்கள் ஓட்டப்படுகிறோம் என்று தெரியாது.

'அல்ரௌனே' 1928 ஜனவரியில் வந்தது. தூக்கிலிடப்பட்டவனின் விந்துவையும் ஒரு பாலியல் தொழிலாளியையும் வைத்துச் செயற்கைக் கருவூட்டல் செய்து ஒரு பேராசிரியர் பெண்ணை உருவாக்குகிறார். அந்தப் பெண்ணாக 'மெட்ரோபோலிஸ்' படத்தில் நடித்த பிரிகிட்டே ஹெல்ம், பேராசிரியராக மறுபடி வெகெனர். தாயாகப்போகிறவளுக்குப் பேராசிரியர் தருவது காசு. மறுபடியும் கொடுக்கல் வாங்கல்தான். இடையில் 1927இல் சாகச நடிகர் ஹாரி பீலோடு சேர்ந்து ஒரு நகைத் திருட்டு நகைச்சுவைப் படமும் செய்தார். அதில் பீலுக்கு இரட்டை வேடம், சின்ன வேடத்தில் மார்லேன் டீட்ரிஷ் என்ற இளம் நடிகை. கலேனுக்கு ஆளைப்போல இன்னொரு ஆள் என்ற யோசனை நகைச்சுவையிலும் விடவில்லை போலும்.

சினிமா விமர்சகர் சீக்ஃபிரீட் கிரக்காவர் 1947இல் எழுதிய புகழ்பெற்ற நூலில் ஓர்லோக், இவான் போன்றவர்களை வரிசையாக நிறுத்தி, ஹிட்லருக்கு முன்னோடியான கொடுங்கோலர்களின் ஊர்வலம் இது என்றார். அந்த வாதத்தில் நிறைய இழுத்துப் பிடித்தல் இருக்கிறது. கொடுங்கோலனை மட்டும் பார்த்தால் கதையின் முதல் பாதியை விட்டுவிடுவோம். கலேன் காட்டியது அவனுக்குக் கதவு திறந்துவிடுகிற சாதாரண ஆட்களை: அவசரக்காரக் குமாஸ்தா, கடன்பட்ட மாணவன், சாமான் வாங்கும் வியாபாரி, கமிஷனுக்கு அலையும் தரகன்.

1933இல் கலேனின் பேசும்படம் ஒன்று வெளியானது. அதே ஆண்டு நாஜிகள் ஆட்சிக்கு வந்ததும் அவர் ஜெர்மனியை விட்டுக் கிளம்ப வேண்டியதாயிற்று. அவரோடு சேர்ந்து எழுதிய ஏவெர்ஸ் அதற்குள் நாஜிக் கட்சியில் சேர்ந்து, அவர்களுடைய தியாகியான ஹோர்ஸ்ட் வெஸ்ஸெலைப் பற்றி நாவலும் எழுதியிருந்தார். பிறகு அவருடைய புத்தகங்களுக்கும் தடை வந்தது, அது தனிக் கதை. கலேன் கடைசியில் அமெரிக்கா போய்ச் சேர்ந்தார். அங்கே சினிமாவில் பெயர் சொல்லும்படி எதுவும் செய்யவில்லை. 1949இல் வெர்மாண்ட் மாநிலத்தின் ராண்டால்ஃப் என்ற சிற்றூரில் இறந்தார்.

பார்க்க நினைப்பவர்கள் 'நோஸ்ஃபெராட்டு'வை விட்டுவிட்டு 'மெழுகுப் பொம்மைக் கூட'த்தில் தொடங்கலாம். அதன் ஜெர்மன் பதிப்பு தொலைந்துவிட்டது. ஆங்கிலத்துக்காகத் தயாரித்த பிரதியை வைத்து 2020இல் சீரமைத்திருக்கிறார்கள். ஹாரூன் அல் ரஷீத் பகுதி கொஞ்சம் இழுக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். அதை முடித்துவிட்டு 'பிராக் மாணவ'னுக்குப் போகலாம். கலேன் எழுதி, அவரே இயக்கி, வேறு யாருடைய பெயருக்கும் பின்னால் ஒளியாமல் நிற்கிற படங்களில் எனக்குத் தெரிந்து அதுதான் உச்சம்.